நர்ஸாக நான் சொன்ன சாட்சி

டொராண்டோவில் நர்ஸிங் படிப்பைப் பாதியில் விட்டு ஒன்பது வருஷமாகிறது. ஆம்பூரில் எங்கள் சபைக்கு மட்டும் நான் இன்னும் நர்ஸ்தான். மூன்று நாள் உபவாச ஜெபம் பண்ணி அனுப்பிவைத்தவர்களிடம், மகள் படிப்பை விட்டுவிட்டுக் கேமராவைத் தூக்கிக்கொண்டு அலைகிறாள் என்று சொல்ல அம்மாவுக்கு வாய் வரவில்லை. ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் எனக்கு ஒரு புது வார்டு கொடுத்துவிடுவாள். கடைசியாகக் குழந்தைகள் வார்டு என்று கேள்வி.

வெளிநாட்டில் வாழும் நம்மவர்கள் எதையெல்லாம் மறைத்து வாழ்கிறோம் என்று ஒரு படம் எடுக்கத்தான் ஊருக்கு வந்தேன். ஞாயிறு ஆராதனையைப் பிடிக்க, ஆலயத்தின் பின்சுவரோரம் கேமராவை நிறுத்தி ஓடவிட்டேன். வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களைப் பிரசங்கத்துக்கு முன் அழைத்து, கர்த்தர் செய்த நன்மைகளைச் சாட்சியாகச் சொல்ல வைப்பார்கள் என்பது சுத்தமாக மறந்துபோயிற்று. சின்ன வயதில் எத்தனை துபாய் அண்ணன்மாரின் சாட்சிக்குத் தூங்கி வழிந்திருக்கிறேன்! என் புத்தியைச் செருப்பால்தான் அடிக்க வேண்டும்.

போதகர் கூப்பிட்டார். மைக் கைக்கு வந்துவிட்டது. பெண்கள் பக்கம் மூன்றாவது பெஞ்சில் அம்மா முக்காட்டை இழுத்துவிட்டுக் குனிந்துகொண்டாள். உண்மையைச் சொல்லிவிட்டு நான் விமானம் ஏறிவிடுவேன்; அடுத்த ஞாயிறும் அதே பெஞ்சில் உட்கார வேண்டியவள் அவள். எனக்கு அவள் மேல் அப்படி ஒரு கோபம்.

"குழந்தைங்க வார்டுல இருக்கேன். கர்த்தர் நடத்துறாரு" என்றேன்.

சபையே ஸ்தோத்திரம் சொன்னது. வெளியே, ஷூ கம்பெனியில் தையல் மிஷினில் இருக்கும் ஓர் அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டு, தன் மகளையும் நர்ஸிங் சேர்த்திருப்பதாகவும் அவள் கனடா வர நான்தான் வழிகாட்ட வேண்டும் என்றும் சொன்னாள். தலையாட்டினேன். வேறென்ன செய்ய?

வீட்டில் அம்மாவுக்கு அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டி, இது இல்லாமல் படமே இல்லை என்றேன். இரண்டு தடவை பார்த்தாள்.

"நல்லாத்தான் எடுத்திருக்கே. நான் போய்ச் சேந்ததுக்கு அப்பால போட்டுக்கோ" என்றாள்.

எடிட்டிங் முடிந்து ஒரு வருஷமாகிறது. படம் என் ஹார்ட் டிஸ்கில் கிடக்கிறது. எழுபத்திரண்டு வயதில் அம்மாவுக்குச் சுகர்கூடக் கிடையாது. அவள் நூறு வயது இருக்கட்டும் என்று தினமும் ஜெபிக்கிறேன். ஆமென் சொல்லப் போகும்போது படம் ஞாபகம் வந்துவிடுகிறது. மறுபடியும் முதலிலிருந்து ஜெபிக்கிறேன்.