டொக்டர் தட்டிய தரை

காலையில் வேலைக்கு வந்ததும் என் வாளியைக் கவிழ்த்து ஒரு தட்டுத் தட்டுவது வழக்கம். முந்தின நாள் ஒட்டிய பவுடர் உதிர்ந்துவிடும். அன்றைக்குத் தட்டியபோது உள்ளேயிருந்து இரண்டு பொருள்கள் விழுந்தன. எடுத்துப் பார்த்தேன். சைக்கிள் ட்யூபை வெட்டி, உள்ளே ஸ்பாஞ்சு வைத்து நீல நூலில் தைத்த முட்டிப் பட்டைகள். ஒன்று மட்டும் கொஞ்சம் தடிமன். வலது காலுக்கு. எனக்கு வலது முட்டிதான் வலி. அதை நான் கடவுளைத் தவிர யாரிடமும் சொன்னதில்லை.

"யாரு இதை இங்க வச்சது?" என்று கேட்டேன். கலவை போடுகிறவர் தோளைக் குலுக்கினார். மூலையில் மண்டியிட்டு டைல்ஸ் பதித்துக்கொண்டிருந்தவர் மட்டும் நிமிரவே இல்லை. கரண்டிக் கட்டையால் டக், டக் என்று தரையைத் தட்டிக்கொண்டே இருந்தார். அவர் முட்டியில் இருந்த பட்டையும் அதே நீல நூலில்தான் தைத்திருந்தது. நான் பட்டைகளைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். அவர் பதித்துக்கொண்டு முன்னால் போவார். இடைவெளிகளில் பவுடரைக் குழைத்து அடைத்துத் துடைத்துக்கொண்டு நான் பின்னால் போவேன். பல வருடம் எங்கள் பிழைப்பு அப்படித்தான் நகர்ந்தது, முட்டியாலேயே.

அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. எல்லோருக்கும் அவர் 'டொக்டர்'. டாக்டர் இல்லை, டொக்டர். அதற்குக் காரணம் உண்டு. டைல்ஸ் கலவையோடு சரியாகப் பிடித்திருந்தால், தட்டும்போது டக் என்று கேட்கும். அடியில் கலவை சேராமல் காலியாக இருந்தால் டொக் என்று கேட்கும். பார்வைக்கு இரண்டும் ஒரே பளபளப்பு. கண்ணால் கண்டுபிடிக்க முடியாது. இவர் காதைச் சாய்த்துக் கேட்டுவிட்டு, "டொக்" என்பார். பெயர்த்துவிட்டு மறுபடி பதிப்பார். நோயாளி நெஞ்சைத் தட்டிப் பார்க்கிறவர் டாக்டர், தரையைத் தட்டிப் பார்க்கிறவர் டொக்டர் என்று யாரோ ஒரு பெயிண்டர் வைத்த பேர், அப்படியே ஒட்டிக்கொண்டது. அவர் பதித்த டைல்ஸ் மாதிரி.

ஆள் ஒல்லி. நகக்கண்ணில் எப்போதும் சிமெண்டு. காதில் ஒரு துண்டுப் பென்சில். "ராத்திரி படுக்கும்போதும் அதை எடுக்க மாட்டாரு, தலையணையெல்லாம் கோடு" என்று அவர் வீட்டம்மா புலம்புவார். டீக்கடைக்குப் போனால் மேசையை ஒரு தட்டுத் தட்டிவிட்டுத்தான் கிளாஸை வைப்பார். பஸ்ஸில் ஏறினால் பக்கத்துத் தகரத்தைத் தட்டுவார். யாராவது தன்னைப் பற்றி ரொம்ப அளந்துவிட்டுக்கொண்டிருந்தால் முகத்தைப் பார்த்துக் கேட்டுக்கொண்டே இருப்பார். கை மட்டும் மெதுவாகத் தரையைத் தட்டும். பழகினவர்களுக்குப் புரியும். சிரிப்பை அடக்கிக்கொண்டு வேலையைப் பார்ப்போம்.

வாளியைத் தொடுவதற்கு முன் நான் கண்ணை மூடிக் கொஞ்ச நேரம் வேண்டிக்கொள்வேன். அதுவரை அவர் கரண்டியைக் கையில் பிடித்தபடி சும்மா இருப்பார். ஒரு நாள், "எனக்கும் சேத்து வேண்டிக்கோங்க அக்கா" என்றார்.

"ஏன், நீங்களே வேண்டிக்கிட்டா என்ன?"

"குனிஞ்சா எனக்கு டைல்ஸ்தான் ஞாபகத்துக்கு வருது."

பெரிய ஆஸ்பத்திரி ஒன்றில் புதுக் கட்டடம் எழும்பியபோது எங்கள் கான்ட்ராக்டருக்குத் தரை வேலை கிடைத்தது. அப்போதுதான் டொக்டருக்கு வெள்ளைத் தொப்பி வந்தது. வேலையாட்களுக்கு மஞ்சள் தொப்பி; சூப்பர்வைசருக்கு வெள்ளை. இத்தனை வருடம் குனிந்த மனிதர் நிமிர்ந்து நிற்கட்டும் என்று எங்கள் எல்லோருக்குமே சந்தோஷம். அவர் வீட்டம்மா புதுப் பேண்ட் வாங்கி, மடிப்பு கத்தி மாதிரி நிற்கத் தேய்த்துக் கொடுத்தார். அந்தச் சமயத்தில்தான் அவர்கள் மகளுக்கு ஒரு நல்ல இடம் பேசிக்கொண்டிருந்தார்கள். பையன் குணமானவன், பெண்ணுக்கும் மனசுக்குப் பிடித்துப்போயிருந்தது. நடுவில் நின்று பேசிய பெண்ணின் பெரியம்மா, "அப்பா ஆஸ்பத்திரி கட்டடத்துல சூப்பர்வைசர்" என்று சொல்லியிருந்தார். பொய் இல்லையே. பையன் வீட்டாரும் அதைக் கேட்டு, "பரவாயில்லையே" என்றார்களாம்.

வெள்ளைத் தொப்பியோடு அவர் நடந்து வந்தால் எங்களுக்குச் சிரிப்பு வரும். கையை எங்கே வைத்துக்கொள்வது என்று அவருக்குத் தெரியாது. பின்னால் கட்டிக்கொள்வார், முன்னால் கொண்டுவருவார், கடைசியில் சுவரைத் தட்டுவார். ஒரு நாள் கலவை ஆள் கீழேயிருந்து, "டொக்டரே, கலவை ரெடி" என்று குரல் கொடுக்க, பழைய கட்டடத்திலிருந்து வந்துகொண்டிருந்த நிஜ டாக்டர் ஒருவர் நின்று திரும்பிப் பார்த்தார். "உங்களை இல்லைங்க சார், இது தரை டாக்டர்" என்று சொல்லிச் சமாளித்தோம். அவரும் சிரித்துவிட்டுப் போனார்.

கட்டடத்தை ஒப்படைக்கிற சமயம். குழந்தைகள் வார்டுக்குப் போகும் நீள நடைவழியில் நான் கடைசியாகத் துடைத்துக்கொண்டிருந்தேன். ஆஸ்பத்திரி ஆள் ஒருவர் காலி வண்டி ஒன்றைத் தள்ளிக்கொண்டு போனார். நோயாளியைப் படுக்கவைத்துத் தள்ளுகிற வண்டி. சக்கரம் உருண்டு போன சத்தத்தில் எனக்கு ஒன்றும் வித்தியாசம் தெரியவில்லை. ஆனால் பேசிக்கொண்டே வந்த டொக்டர் நின்றுவிட்டார்.

குனிந்தார். பேண்ட் மடிப்போடு தரையில் மண்டி போட்டார். காதிலிருந்த பென்சிலை எடுத்தார். டக். டக். டொக். டொக் என்று கேட்ட இடத்தில் ஒரு பெருக்கல் குறி. தட்டிக்கொண்டே போனார். திரும்பிப் பார்த்தபோது நடையின் நடுப்பகுதி முழுக்கப் பெருக்கல் குறிகள். நான் ஆசை ஆசையாக அடைத்துத் துடைத்த இடம். எனக்குக் கோபம்தான் வந்தது, மறைக்க மாட்டேன்.

"யாரு பதிச்சது இது?" என்றேன்.

"நான்தான் அக்கா."

"நீங்க எங்க பதிச்சீங்க? நீங்கதான் தொப்பி போட்டு நின்னுட்டிருந்தீங்களே."

"அதைத்தான் சொல்றேன். நம்ம பசங்க அவசரத்துல நாலு மூலைக்கு நாலு உருண்டை கலவை வச்சு ஒட்டிட்டாங்க. தட்டிப் பாக்க வேண்டியவன் நான். அன்னைக்குப் பெரிய மனுஷங்க சுத்திப் பாக்க வந்தாங்க. அவங்க கூடவே நடந்தேன். பேண்ட் மடிப்பு கலைஞ்சிடுமேன்னு குனியல."

கான்ட்ராக்டர் வந்தார். கெட்ட மனிதர் இல்லை. அவருக்கும் நெருக்கடி. பென்சில் குறிகளைப் பார்த்து முகம் வெளுத்துவிட்டது.

"என்னய்யா இது? திங்கக்கிழமை ஒப்படைக்கணும். யாருக்குத் தெரியப் போகுது?"

"இப்பத் தெரியாதுங்க. வண்டி ஏற ஏற விரிசல் விடும்."

"உடனேவா விடப் போகுது? ரெண்டு வருஷம் தாங்காதா?"

"தாங்கும். அப்புறம் ஒரு நாள் சில்லு பேந்து சக்கரம் மாட்டும். மேல ஒரு சின்னப் புள்ள படுத்திருக்கும்."

கான்ட்ராக்டர் கிட்டே வந்தார். பிறகு தணிந்த குரலில், "பொண்ணுக்கு இடம் வேற பேசிட்டிருக்க. இப்பத்தான் ஒரு பேரு வந்திருக்கு. ஒடச்சா நான் ஆஸ்பத்திரிக்காரங்க முன்னாடி தலைகுனியணும். அப்புறம் உன்னை இந்த எடத்துல வச்சிருக்க முடியாது, பாத்துக்க" என்றார்.

டொக்டர் தொப்பியைக் கழற்றினார். "சரிங்க. இதைப் போட்டுட்டுக் குனியவும் முடியல. கண்ணு மேல வந்து விழுது" என்றார்.

கழற்றிய தொப்பியை யாரிடமும் கொடுக்கவில்லை. மல்லாக்கப் போட்டு, தொட்டியிலிருந்து கலவைக்குத் தண்ணீர் மொள்ள வைத்துக்கொண்டார். அதற்கு அது ரொம்ப வசதியாகத்தான் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் வேண்டிக்கொண்டு எழுந்ததும் எனக்கு வீட்டில் இருப்புக்கொள்ளவில்லை. பட்டையைக் கட்டிக்கொண்டு நானும் போனேன். அவர் பெயர்த்துப் போட, நான் அள்ளிக் கொட்டினேன். மத்தியானம் அவர் வீட்டம்மா சாப்பாடு கொண்டுவந்தார். கண் சிவந்திருந்தது.

"பேசி முடிக்கிற வரைக்குமாவது அந்தத் தொப்பியோட இருந்திருக்கக் கூடாதா? போனது போகட்டும். மாப்பிள்ளை வீட்டுக்காரங்க வர்றப்போ வாயைத் திறக்காதீங்க. அவங்களா கேட்டா பாத்துக்கலாம்."

"காலியா இருக்கிற எடத்து மேல பதிக்கச் சொல்றியா?"

"நான் பொண்ணு வாழ்க்கையைப் பேசறேன். நீங்க அதையும் டைல்ஸ்லயே கொண்டுவந்து நிறுத்துங்க."

டொக்டர் தட்டை வழித்துச் சாப்பிட்டுவிட்டு மறுபடி மண்டி போட்டார்.

ஒப்படைப்பது ஒரு வாரம் தள்ளிப்போனது. வெள்ளைத் தொப்பி வேறு ஒருவர் தலைக்குப் போனது. அதற்கு அடுத்து நடந்ததை அவர் வீட்டம்மா சொல்லித்தான் எனக்குத் தெரியும். பையன் வீட்டார் வருவதற்கு முன்பே இவர் கிளம்பி அவர்கள் வீட்டுக்குப் போனாராம், வீட்டம்மாவையும் கூட்டிக்கொண்டு. வரவேற்று உட்கார வைத்திருக்கிறார்கள். பையனின் அப்பா லாரி ஓட்டியவர், அதிகம் பேசாதவர். அம்மாதான் வீட்டுக்கு வாய். இவர் உட்கார்ந்ததும் உடைத்துச் சொல்லிவிட்டார்.

"நான் சூப்பர்வைசர் இல்லீங்க. டைல்ஸ் பதிக்கிறவன். நடுவுல கொஞ்ச நாள் அந்த வேலை பாத்தேன். ஒழுங்காப் பாக்கல. திரும்பவும் பதிக்கத்தான் போறேன். தெரிஞ்சுக்கிட்டு முடிவு பண்ணுங்க."

 டீ வந்தது. யாரும் எடுத்துக் குடிக்கவில்லை. அந்த அமைதியில், நாற்காலிக்குக் கீழே தொங்கிக்கொண்டிருந்த இவர் கை, இவரைக் கேட்காமலே தரையைத் தட்டியிருக்கிறது.

டொக்.

வீட்டம்மா கண்ணை மூடிக்கொண்டார்.

"என்னங்க அது?" என்று பையனின் அம்மா கேட்டிருக்கிறார்.

"இந்த ரெண்டு டைல்ஸும் உள்ள காலிங்க. கனமா எதையும் இது மேல வச்சிடாதீங்க."

திரும்பி வரும்போது வீட்டம்மா பத்தடி முன்னால் நடந்தாராம், கூட வந்தவர் யாரோ எவரோ என்பதுபோல. மகள் மட்டும் வாசலில் நின்று எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "சொன்னது சரிப்பா. தட்டாம வந்திருக்கலாம்" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

நாள் போனது. அங்கிருந்து ஒரு சேதியும் இல்லை. டொக்டர் வேலைக்கு வந்தார், பதித்தார், தட்டினார். ஆனால் டீக்கடையில் மேசையைத் தட்டாமலே கிளாஸை வைத்தார். அதைப் பார்த்த பிறகு எனக்குப் பொறுக்கவில்லை. தினமும் காலையில் வேண்டிக்கொள்ளும்போது அந்தப் பெண்ணின் பேரையும் சேர்த்துக்கொண்டேன்.

ஒரு நாள் பையனின் அம்மா போன் செய்தார். எடுத்தது வீட்டம்மா. நலம் விசாரிப்பு ஒன்றும் இல்லை. "பீரோவை நகத்தினோம். நீங்க சொன்ன ரெண்டுல ஒண்ணு ஒடைஞ்சே போச்சு. சம்பந்தியை ஒரு எட்டு வந்து பாக்கச் சொல்லுங்க."

டைல்ஸ் உடைந்தது எதுவும் வீட்டம்மாவின் காதில் ஏறவில்லை. 'சம்பந்தி' என்ற ஒரு சொல்தான் ஏறியது. போனைக் கையில் வைத்தபடியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

கல்யாணத்தில் டொக்டர் வெள்ளைத் தொப்பி நாளில் வாங்கிய அதே பேண்ட்டைப் போட்டிருந்தார். முட்டியில் வெளுத்துப்போயிருந்தது. மகள் கிளம்பும்போது அழுதார். அழுதுகொண்டே மருமகன் தோளில் கை வைத்தார். விரல் மடங்குவதைப் பார்த்த நான், "டொக்டரே, தட்டிடாதீங்க" என்றேன். அழுகைக்கு நடுவில் எல்லோரும் சிரித்தார்கள்.

இன்றைக்கும் அவருக்கு ஒரு போர்டு கிடையாது, கார்டு கிடையாது. ஆனால் அவருக்கு வேலை ஓயும் வரை காத்திருந்து வெறும் சிமெண்டுத் தரையிலேயே குடியிருந்த வீடுகள் எனக்குத் தெரியும். அந்தக் கான்ட்ராக்டர் தனக்குச் சொந்த வீடு கட்டியபோது, பூஜை அறைக்கும் அவருடைய அம்மா நடமாடும் அறைக்கும் டொக்டரைத்தான் வரச் சொன்னார். பழைய கதையை இரண்டு பேரும் பேசவில்லை. வேலை முடிந்ததும் கான்ட்ராக்டரே குனிந்து ஒரு டைல்ஸைத் தட்டிப் பார்த்தார். நான் பக்கத்தில்தான் இருந்தேன்.

என் முட்டி அதற்கு மேல் தாங்கவில்லை. போன வருடம் அதே ஆஸ்பத்திரியில் ஆபரேஷன் ஆனது. ஆண்டவன் புண்ணியத்தில் நல்லபடியாக முடிந்தது. இனி வேலை வேண்டாம் என்று மகன் தன் ஊருக்குக் கூட்டிப் போக வந்தான். கிளம்பும் அன்று டொக்டர் வேலைக்கு லீவு போட்டுவிட்டு வந்திருந்தார். மகன் மருந்து வாங்கப் போயிருந்தான். வாசலுக்குப் போகும் வழி குழந்தைகள் வார்டு நடைதான். கையில் ஊன்றுகோல். புது முட்டி. வழுவழுப்பான தரையைப் பார்த்ததும் எனக்குக் காலை எடுத்து வைக்க வரவில்லை. என் கையாலேயே அடைத்துத் துடைத்த தரைதான், இருந்தாலும் பயம்.

ஒரு வண்டி வந்தது. நர்ஸ் தள்ளிக்கொண்டு போனார். மேலே ஒரு குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. சக்கரம் சத்தமில்லாமல் எங்களைத் தாண்டிப் போனது. டொக்டர் அது வளைவு திரும்பும் வரை காதைச் சாய்த்துக்கொண்டு நின்றார்.

பிறகு என் முன்னால் மண்டி போட்டு உட்கார்ந்தார். என் கால் விழ வேண்டிய இடத்தில் விரலை மடக்கித் தட்டினார். டக். அடுத்ததைத் தட்டினார். டக். நிமிர்ந்து பார்த்தார்.

"கெட்டியா இருக்கு அக்கா. காலை வைங்க."