கிறகரிக்காக ஒரு பரலோக மந்திரம்

மன்னாரிலிருந்து கடல் கடந்து வந்து, பிரெஞ்சு பேசும் ஊரான பியர்பொன்ட்ஸில் குடியேறியவள் றோஸ்மேரி. ஒரு சிறுவர் காப்பகத்தில் சமையல் வேலை. 2005இல், கணவன் கிறகரி இறந்து எட்டு மாதமான நேரம், மகள் ஜென்சி கெஞ்சியதால் ஹலோவீனுக்கு வாசலில் பூசணிக்காயைக் குடைந்து விளக்கு வைத்தாள். காரில் போன சவிரிமுத்து அதைப் பார்த்துவிட்டார். அவள் போகும் கத்தோலிக்கக் கோயிலின் தமிழ்ச் சபைத் தலைவர் அவர்.

இரண்டு நாள் கழித்து சகல ஆத்துமாக்கள் திருநாள். பூசையில் இறந்தவர்களின் பெயர்களை வாசித்தார்கள். கிறகரியின் பெயர் வரவில்லை.

"பேயைக் கொண்டாடுற வீட்டுப் பேரை நான்தான் வெட்டினனான்," என்றார் சவிரிமுத்து, கோயில் வாசலில் நாலு பேர் கேட்க.

றோஸ்மேரிக்கு அழுகை வரவில்லை. வெட்டிய ஆளின் வாயாலேயே அந்தப் பெயரைச் சொல்ல வைக்க வேண்டும் என்று மட்டும் நினைத்தாள்.

"உது பேய்ப் பண்டிகைதானோ பிள்ளை?" என்று மகளைக் கேட்டாள். ஜென்சி நூலகத்திலிருந்து பிரெஞ்சுப் புத்தகமொன்றைக் கொண்டுவந்து வாசித்துச் சொன்னாள். அறுவடை முடிந்து குளிர் தொடங்கும் நாளில் செத்தவர்கள் திரும்பி வருவார்கள் என்று அயர்லாந்தில் பழைய சனம் நம்பியது. பிறகு திருச்சபை அதையொட்டியே புனிதர்களுக்கும் ஆத்துமாக்களுக்கும் திருநாள் வைத்தது. ஏழைகள் வீடு வீடாகப் போய் ரொட்டி வாங்கி, அந்தந்த வீட்டு இறந்தவர்களுக்காகச் செபித்தார்கள். கப்பலேறியவர்கள் வழக்கத்தை இந்தப் பக்கம் கொண்டுவந்தார்கள். ரொட்டி இனிப்பானது. செபம் விட்டுப்போனது.

"அப்ப செபத்தைத் திருப்பிக் கேப்பம்," என்றாள் றோஸ்மேரி.

ஒரு வருடம் பொறுத்தாள். அடுத்த ஹலோவீனுக்குக் கோயில் பிள்ளைகள் இருபது பேருக்கு வேஷம் தைத்துக் கொடுத்து, கர்க்லாண்டில் சவிரிமுத்துவின் வீட்டு வாசலுக்கு ஒவ்வொருவராக அனுப்பினாள்.

"இனிப்பு வேண்டாம் மாமா. கிறகரி மாமாவுக்காண்டி ஒரு பரலோக மந்திரம் சொல்லுங்கோ."

முதல் பிள்ளைக்கு, 'பரலோகத்தில் இருக்கிற எங்கள் பிதாவே' என்று முணுமுணுத்தார். ஏழாவது பிள்ளை வந்தபோது கதவைச் சாத்தப் போனார். மனைவி பிலோமினம்மா கதவைப் பிடித்துக்கொண்டாள்.

"செத்த மனுசனுக்குச் செபம் கேட்டு வந்த பிள்ளையளைத் திருப்பி அனுப்புறதோ? சொல்லுங்கோ."

றோஸ்மேரி வாசலுக்கு எதிரே நிறுத்திய காரின் கண்ணாடியை இறக்கிவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தாள். அவர் குரல் கம்மக் கம்ம அவளுக்கு நெஞ்சு குளிர்ந்தது. கடைசியாகத் தானே படியேறினாள்.

"பிழைதான் றோஸ்மேரி. மன்னிச்சுக்கொள்ளும்."

"அதைப் பேந்து பாப்பம் அண்ணை. இப்ப எனக்கும் ஒருக்காச் சொல்லுங்கோ."

சொன்னார்.

அந்த முறை பூசையில் கிறகரியின் பெயரை முதலாவதாக வாசித்தார்கள். அது அவளுக்குப் போதவில்லை. அடுத்த வருடமும் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போனாள். சவிரிமுத்து அந்தக் கிழமை ரொறொன்ரோவுக்குப் போய்விட்டார்.