மூணாம் நம்பர் செட்டு

புத்தகத்தைக் கையில் எடுத்தால் பொன்மணி முதலில் அதன் முதுகைத்தான் பார்ப்பார். முன்னட்டையை அவர் பொருட்படுத்துவதில்லை. இடது கையால் புத்தகத்தைச் சாய்த்து, வலது பெருவிரலால் முதுகில் படிந்த தூசியை மேலிருந்து கீழாக ஒரு முறை துடைத்து, நான்கு எழுத்துகளைத் தேடுவார். அவை இல்லையென்றால் அட்டையை உரித்து ஒரு பக்கமும், தாள்களை மறுபக்கமும் எறிவார். ஒரு புத்தகத்துக்கு ஏழெட்டு விநாடிகள் ஆகும்.

விவரங்களை முதலில் குறித்துவிடுகிறேன். வயது நாற்பத்தேழு. ஊர், பட்டாசுத் தொழில் நடக்கும் ஏழாயிரம்பண்ணை. படிப்பு எட்டாம் வகுப்பு. என் சித்தப்பா மகன் சங்கிலிமுத்துவின் மனைவி. எங்கள் குடும்பக் குறிப்பேட்டின்படி திருமணம் 1998 ஆவணியில் நடந்தது. 2013 வரை பட்டாசுக் கம்பெனியில் திரி வெட்டினார். அதன் பிறகு சிவகாசி சாலையில் உள்ள ஒரு பழைய காகிதக் குடோனில் தரம் பிரிக்கிறார். வெளிநாடுகளிலிருந்து கப்பலில் வரும் கழிவுக் காகிதத்தை ஆறு பெண்கள் தரையில் அமர்ந்து பிரிப்பார்கள். செய்தித்தாள் வெடிகளுக்குக் குழாய் சுற்றப் போகும். புத்தகத் தாள் ஆலைக்குப் போய்க் கூழாகும். கெட்டி அட்டை கூழில் கரையாது என்பதால் அதை உரித்தாக வேண்டும். புத்தகப் பக்கம் உட்கார மற்றப் பெண்களுக்குப் பிடிக்காது. அட்டை உரித்தால் நகக்கண் வலிக்கும். பொன்மணி அந்த இடத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டவர்.

அவர் தேடும் நான்கு எழுத்துகள் பி, ஏ, என், டி. ஆங்கிலம் அவருக்கு எழுத்துக்கூட்டித்தான் வரும். ஆனால் இந்த நான்கையும் கூட்டாமலே படிப்பார். காரணம் அவர் வீட்டு முன்னறையில் நிற்கிறது. சங்கிலிமுத்து இருக்கன்குடி வட்டாரத்தில் பெயர்பெற்ற ஒரு பேண்டு செட்டில் பெரிய டிரம் அடிப்பவர். அந்த டிரம்மின் முகத்தில் இந்த எழுத்துகள் வெள்ளைப் பெயிண்டில் உள்ளங்கை அகலத்துக்கு எழுதப்பட்டிருக்கின்றன.

2014 ஜூன் மாதம் பிரித்த, ஜெர்மனியிலிருந்து வந்த ஒரு கட்டில் பச்சைத் துணி அட்டை போட்ட நான்கு தடித்த புத்தகங்கள் இருந்தன. நான்கின் முதுகிலும் அதே எழுத்துகள். அவற்றுக்குக் கீழே எண்கள். உள்ளே பாடுகிறவர்கள், ஊதுகிறவர்கள், அடிக்கிறவர்கள் படங்கள். ஜெர்மனியில் பேண்டு செட்டுகளுக்கு நம்பர் கொடுத்து, செட்டுக்கு ஒரு புத்தகம் எழுதியிருக்கிறார்கள் என்று பொன்மணி முடிவு செய்தார். அந்தத் தீபாவளிக்குக் குடோனில் கொடுத்த பட்டாசுப் பெட்டியை அவர் வாங்கவில்லை. "ஏழாயிரம்பண்ணையில இருக்கவளுக்கு எதுக்கு மொதலாளி வெடி? பேண்டு பொஸ்தகம் வந்தா எடுத்துக்கிடுதேன், அது போதும்" என்று கேட்டு அனுமதி பெற்றார். அதன் பின் எந்தத் தீபாவளிக்கும் பெட்டி வாங்கியதில்லை.

பச்சைப் புத்தகங்களில் உள்ள செட்டுகளை அவர் விளக்கிக் கேட்க வேண்டும். ஒன்றாம் நம்பர், அங்கி போட்ட பாதிரிமார் செட்டு. இரண்டாம் நம்பர், வெள்ளை டோப்பா மாட்டிய செட்டு. நான்காம் நம்பர், கறுப்புக் கோட்டு போட்டு, கிராப்பு வைத்த செட்டு. ஐந்தாம் நம்பர், தோள் வரை முடி வளர்த்து, கிட்டாரை இடுப்புக்குக் கீழே தொங்கவிட்ட செட்டு. மூன்றாம் நம்பர் அந்தக் கட்டில் இல்லை.

"ரெண்டுல டோப்பா இருக்கு, நாலுல இல்ல. அப்ப மொதல்ல டோப்பாவக் கழட்டுனவன் மூணுலதான இருக்கணும்? அவன் மொகத்தப் பாக்கணும் அத்தான்" என்று என்னிடம் பலமுறை சொல்லியிருக்கிறார். அவர் பதினோரு ஆண்டுகளாகத் தேடியது அந்த முகத்தைத்தான்.

தேடலில் வேறு புத்தகங்களும் சேர்ந்தன. அவற்றில் பதின்மூன்று புத்தகங்கள் ராக் இசைக் குழுக்களைப் பற்றியவை. பெயர்களைப் படிக்க அவர் மெனக்கெடவில்லை. 'சடைக்காரன்', 'கண்ணுக்கு மை போட்டவன்', 'சட்டை போடாதவன்', 'நாலு பேரும் மொறைக்கவன்' என்பவை அவர் இட்ட தலைப்புகள். கேட்டால் கை சரியாக அந்தப் புத்தகத்துக்குப் போகும். எழுத்து இருந்தும் மேளமோ பாட்டோ படத்தில் இல்லாத புத்தகங்களைத் தயங்காமல் உரித்துவிடுவார். "இது செட்டுக்காரன் கணக்கு நோட்டா இருக்கும்" என்பது அவற்றைப் பற்றிய அவர் கருத்து.

சங்கிலிமுத்து இந்தப் புத்தகங்கள் இருக்கும் அலமாரியைத் தினமும் ஒரு தடவையாவது கேலி செய்வார். "அங்கன பாரு, அடிக்கவன் பூராம் உக்காந்துல்ல அடிக்கான். டிரம்மக் கழுத்துல மாட்டிக்கிட்டுச் சாத்தூர்ல இருந்து இருக்கன்குடிக்கு நடந்துக்கிட்டே அடிக்கச் சொல்லு பாப்போம்."

"ஒங்களுக்கு ரெண்டு கையி. அவன் காலுக்கும் சேத்து வேலை வச்சிருக்கான். நீங்க காலை நடக்கதுக்குத்தான வச்சிருக்கீக" என்பார் பொன்மணி.

சென்ற ஆண்டு ஆடிக் கடைசி வெள்ளிக்கு முந்திய நாள், குடோன் மேற்பார்வையாளர் பலவேசம் ஆறு பெண்களையும் கூப்பிட்டுச் செய்தி சொன்னார். திங்கட்கிழமை வரும் லோடுதான் கடைசி வெளிநாட்டு லோடு. முதலாளிக்குக் கட்டுபடியாகவில்லை. இனி உள்ளூர்ச் செய்தித்தாள் மட்டுமே.

"அப்ப பொஸ்தகம்?" என்று பொன்மணி கேட்டார்.

"பொஸ்தகமும் கெடையாது, ஒண்ணும் கெடையாது."

பக்கத்தில் இருந்த ராக்காயி விடவில்லை. "அய்யய்யோ, மூணாம் நம்பர்காரன் கப்பலத் தவற விட்ருவான் போலயே! ஏத்தா, வெரசா வரச் சொல்லி ஒரு கடுதாசி போடு."

"கடுதாசிதான அடுத்த வாரம் பூராம் பிரிக்கப் போறோம். அதுலயே வந்திருவான்" என்றார் பொன்மணி. சிரித்துக்கொண்டுதான் சொன்னார். வேனில் ஏறும் முன் அந்த லோடில் எத்தனை கட்டு வரும் என்று பலவேசத்திடம் கேட்டுக்கொண்டார் என்று ராக்காயி பிறகு சொன்னார்.

கோயிலுக்கு வந்திருந்த மகள் மாரிச்செல்வி ஞாயிற்றுக்கிழமை வரை வீட்டில் இருந்தாள். மதுரையில் தனியார் மருத்துவமனை ஒன்றில் நர்ஸ். ஜெர்மனிக்கு வேலைக்குப் போவதற்காக எட்டு மாதங்களாக அந்த மொழி படிக்கிறாள். அன்று காலை நானும் அங்கு இருந்தேன். பொன்மணி இரண்டாம் நம்பர் புத்தகத்தை முந்தானையால் துடைத்து மகளிடம் நீட்டினார்.

"இந்தா, ஜெர்மன்தான். படிக்கதுக்கு எடுத்துட்டுப் போ. பத்திரமாத் திருப்பிக் கொண்டாந்துரணும். பேண்டு ரெண்டு."

மாரிச்செல்வி முதுகைப் பார்த்தாள். முதல் தாளைத் திருப்பினாள். மற்ற மூன்றையும் எடுத்துப் பார்த்தாள். பிறகு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

"எம்மா, இது பேண்டு இல்ல. பாண்ட். பாகம்னு அர்த்தம். ஒண்ணாம் பாகம், ரெண்டாம் பாகம்."

"அப்ப அப்பா டிரம்முல எழுதியிருக்கது?"

"அது பேண்டுதான். ஜெர்மன்ல பாட்டுச் செட்டுக்கும் இதே எழுத்துதான் போடுவாக. ஆனா இங்கன போட்டிருக்கது பாகம். ஜெர்மன் நாட்டுப் பாட்டோட வரலாறும்மா இது. ஒரே வரலாறு, அஞ்சு பாகம்."

சங்கிலிமுத்து சாப்பாட்டுத் தட்டை வைத்துவிட்டுச் சிரித்தார். "பதினோரு வருசமா பாகத்துக்குத் தாளம் போட்டிருக்கா ஒங்க ஆத்தா!"

மகள் அலமாரியின் அடுத்த தட்டில் இருந்த இன்னொரு தடித்த புத்தகத்தை எடுத்தாள். அதன் முதுகில் ஏழு என்ற எண் இருந்தது. கழுத்தில் மணி கட்டிய மாட்டின் படம் உள்ளே பல இடங்களில் வரும். கோயில் மாட்டோடு வருகிற செட்டு என்று பொன்மணி அதை எனக்கு ஒருமுறை காட்டியிருக்கிறார்.

"எம்மா, இது மாட்டு வைத்தியம்."

இந்த முறை நானும் சிரித்துவிட்டேன். பொன்மணி சிரிக்கவில்லை; கோபப்படவும் இல்லை. மாட்டுப் புத்தகத்தை வாங்கித் தனியே வாசற்படியில் வைத்தார். பிறகு மகளிடம் கேட்டார்: "ஒரே வரலாறுன்னு சொல்லுத. அப்ப மூணாம் பாகத்துல என்ன இருக்கும்?"

மாரிச்செல்வி இரண்டாம் பாகத்தையும் நான்காம் பாகத்தையும் அருகருகே விரித்தாள். ஒவ்வொன்றின் முதல் தாளிலும் ஆண்டுகள் அச்சிடப்பட்டிருந்தன. இரண்டாம் பாகம் 1750இல் முடிந்தது. நான்காம் பாகம் 1880இல் தொடங்கியது.

"நடுவுல உள்ள வருசம் அதுல இருக்கும். எங்க டீச்சர் சொல்லுவாக, அங்க சின்னப் பிள்ளைக்குக்கூடப் பேரு தெரிஞ்ச பெரிய பெரிய ஆளுக அம்புட்டுப் பேரும் பெரும்பாலும் அந்தக் காலந்தானாம்."

"டோப்பாவக் கழட்டுனவன்?"

"அவரும் அதுலதான் இருப்பாரு. போன்ல தேடிக் காட்டவா?"

"போன்ல ஆளு இருக்கும். நடுவுல இருக்கிற பொஸ்தகம் போன்ல எப்பிடி இருக்கும்?"

"ஒரு பாகந்தானம்மா. நாலு இருக்குல்ல, விடேன்."

பொன்மணி நான்கையும் வரிசையில் அடுக்கினார். இதுவரை இரண்டையும் நான்கையும் ஒட்டித்தான் வைத்திருந்தார். அன்று அவற்றுக்கு நடுவே நான்கு விரல் இடம் விட்டார்.

"செட்டுன்னு நெனைச்சப்ப இம்புட்டுத் தெரியல. ஒரு செட்டு வராட்டி இன்னொரு செட்டுக்குச் சொல்லிவிடலாம். நடுவுல உள்ள வருசத்துக்கு யாருக்குச் சொல்லிவிட?" என்றார்.

திங்கட்கிழமை அவர் குடோனுக்கு மாட்டு வைத்தியத்தை எடுத்துச் சென்று, முதல் வேலையாக அதன் அட்டையை உரித்துத் தாளைத் தாளோடும் அட்டையை அட்டையோடும் சேர்த்தார். 'பேண்டு பொஸ்தகம்' என்றுதான் அனுமதி வாங்கியிருந்தார். இது அதில் சேராது. ராக்காயிக்கு எப்படியோ விஷயம் எட்டிவிட்டது. "மாட்டுச் செட்டு போயிருச்சாமே" என்று அன்று முழுவதும் கேட்டுக்கொண்டிருந்தார். ஆனால் செவ்வாய்க்கிழமை முதல் ராக்காயியும் தன் பக்கம் வந்த புத்தகங்களை உரிக்காமல், பச்சையாக இருந்தால் பொன்மணியின் பக்கம் தள்ளிவிட்டார்.

வியாழக்கிழமை பிற்பகல் அப்படித் தள்ளப்பட்ட ஒன்று அதே பச்சைத் துணி, அதே உயரம், அதே தடிமன். பொன்மணி அதைச் சாய்த்துப் பெருவிரலால் துடைத்தார். நான்கு எழுத்துகளும் வந்தன. அதற்குக் கீழே துடைக்கக் கொஞ்ச நேரம் பிடித்தது என்கிறார் ராக்காயி. எண் இரண்டு.

"ரெண்டுதான் ஏற்கெனவே இருக்கே" என்றார் ராக்காயி.

"இருக்கு. ஆனா மூணோட வீட்டு ஆளு இந்த லோடுல இருக்குன்னு தெரிஞ்சு போச்சுல்ல" என்று பொன்மணி அதைத் தம் சாப்பாட்டுப் பைக்கு அடியில் வைத்தார். அன்றும் மறுநாளும் அவர் தண்ணீர் குடிக்கக்கூட எழுந்திருக்கவில்லை. கட்டுகளுக்கு வெளியே சிதறியவற்றைக் கூட்டிப் பெருக்கிய குவியலிலும் கையை விட்டுப் பார்த்தார்.

சனிக்கிழமை மூன்று மணிக்குக் கடைசிக் கட்டின் கம்பியைப் பலவேசம் வெட்டினார். அதில் பாதிக்கு மேல் விளம்பரத் தாள். புத்தகங்கள் நாற்பத்தொன்று. பொன்மணி ஒவ்வொன்றாக முதுகைத் துடைத்து உரித்தார். கடைசிப் புத்தகம் சமையல் பற்றியது. அதையும் உரித்து எறிந்துவிட்டுக் கையைத் தட்டிக்கொண்டார். பிறகு சாப்பாட்டுப் பைக்கு அடியில் இருந்த இரண்டாம் பாகத்தை எடுத்தார். பலவேசத்திடம் "அட்டைய மட்டும் எடுத்துக்கிடுதேன்" என்று சொல்லி, மற்றவற்றைப் போல இழுத்துக் கிழிக்காமல், ஓரத்தில் கத்தியை ஓட்டி, துணி நையாமல் உரித்தார். தாள்களைக் குவியலில் வைத்தார்.

புத்தகம் அச்சாவதற்கு முன், எவ்வளவு தடிமன் வரும் என்று பார்ப்பதற்காக வெற்றுத் தாள்களை அடுக்கி அட்டை போட்டு வைப்பார்கள். சிவகாசி அச்சகங்களில் அதற்கு டம்மி என்று பெயர். ஞாயிற்றுக்கிழமை காலை நான் போனபோது பொன்மணி அப்படி ஒரு டம்மியைத் தைத்துக்கொண்டிருந்தார். காலண்டர் கம்பெனியில் கழித்த வெள்ளைத் தாளை நான்கு விரல் கனத்துக்கு அடுக்கி, சாக்கு ஊசியால் தைத்து, பச்சை அட்டைக்குள் வைத்துப் பசை போட்டு ஒட்டினார். பதினோரு ஆண்டுகளில் எத்தனை ஆயிரம் அட்டைகளை உரித்தாரோ தெரியாது. அட்டை ஒட்டியது அதுதான் முதல் முறை. டிரம்முக்கு எழுதிய வெள்ளைப் பெயிண்ட் டப்பாவைச் சங்கிலிமுத்துவே திறந்து கொடுத்தார். பொன்மணி முதுகில் இருந்த இரண்டைத் திருத்தி மூன்றாக்கினார்.

சங்கிலிமுத்து புத்தகத்தை வாங்கித் தாள்களைப் புரட்டினார். "உள்ள ஒண்ணுமே இல்லையே புள்ள?"

"இருங்க, குடுங்க" என்று பொன்மணி வாங்கினார். என் சட்டைப்பையிலிருந்து பேனாவைக் கேட்டு வாங்கிக்கொண்டார். முதல் தாளில் 1880ஐ மேலும் 1750ஐக் கீழுமாக எழுதினார். கோடு போட்டு, பள்ளிக்கூடத்தில் கற்றபடி கழித்து, விடையைத் தமிழில் எழுதினார். மை காயும்வரை ஊதினார். பிறகு இரண்டுக்கும் நான்குக்கும் நடுவே அவர் விட்டிருந்த இடத்தில் புத்தகத்தைச் செருகினார்.

நூற்று முப்பது வருசம்.