கதவைத் தட்டும் வீட்டுக்காரர்

கெலிஓயாவில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டின் சொந்தக்காரரை எல்லோரும் ஹாஜியார் என்பார்கள். வெள்ளைத் தொப்பி, முழங்கை வரை சுருட்டிய சட்டை, கக்கத்தில் எப்போதும் ஒரு குடை. எங்களை வீட்டைவிட்டு எழுப்ப வழக்குப் போட்டு ஜெயித்தவர். நாங்கள் மேன்முறையீடு செய்தோம். அது முடியும்வரை தீர்ப்பை நிறைவேற்றக் கூடாதென்று கோர்ட்டு நிறுத்தி வைத்தது.

அதன்பிறகும் அவர் வந்தார். கதவைத் தட்டிவிட்டு, இரண்டு எட்டுப் பின்னால் போய் நிற்பார்.

"பின்னுக்கு நிக்கிற மரத்துல ஒரு பலாக்காய் பறிக்கட்டா மகள்? எங்கட வாப்பா நட்ட மரம்."

எனக்கு எரிச்சலாக வந்தது. "உங்க மரத்துக்கு என்கிட்ட ஏன் கேக்கிறீங்க ஹாஜியார்? கேஸ்ல நீங்கதானே ஜெயிச்சீங்க."

"ஜெயிச்சதுதான். ஆனா கோர்ட்டு கொஞ்சம் பொறுக்கச் சொல்லியிருக்கே. அதுவரைக்கும் இது உங்கட வாசல்."

பறித்ததில் பாதியை வெட்டி என்னிடம் தந்துவிட்டுத்தான் போவார். அந்தக் காயைக் கறி வைத்துச் சாப்பிட்டுவிட்டு, அவருக்கு எதிராகப் பேச லோயரிடம் போவேன்.

கடைசியில் எங்கள் மேன்முறையீடு தள்ளுபடியானது. கேட்டடியில் சாவியைக் கொடுத்துவிட்டு லொறியில் ஏறினேன். லொறி திரும்பும்போது பார்த்தேன். மனிதர் சாவியைக் கையில் வைத்துக்கொண்டே, காலி வீட்டின் கதவைத் தட்டிவிட்டு, இரண்டு எட்டுப் பின்னால் வந்து நின்றார்.