மேல நடக்கற சத்தம் வாரண்டியில வராது

வீடு விக்கறவனுக்கு மாலை, சாவி குடுக்கறவனுக்கு ஸ்வீட், கூரை ஒழுகினா போன் எடுக்கறவனுக்கு மட்டும் அர்ச்சனை. வாரண்டி டெஸ்க்ல குப்பை கொட்டினவங்க எல்லாம் இப்பவே தலையாட்டுவீங்க, தெரியும்.

நான் இருக்கறது ஒரகடம் பக்கம் ஒரு பில்டர் ஆபீஸ்ல. வல்லக்கோட்டை போற வழியில வரிசையா வீடு கட்டி பேக்டரி ஆளுங்களுக்கு வித்தோம். கூரைக்கு அஞ்சு வருஷம் வாரண்டி. தளம் விரிசல் விட்டா, கம்பி துருப்பிடிச்சா, ஒழுகினா நாங்க பார்த்துக் குடுக்கணும். நீங்களா டிஷ் மாட்ட ஓட்டை போட்டிருந்தா வாரண்டி அம்பேல். அஞ்சு வருஷத்துக்குள்ள ஒரு தடவையாவது எங்ககிட்ட சொல்லியிருக்கணும், அதான் முக்கியம்.

எனக்கு சம்பளம் இல்லாத வேலை ஒண்ணும் உண்டு, மிமிக்ரி. காலைல திட்டின கஸ்டமரை மத்தியானம் சாப்பாட்டு டேபிள்ல இறக்கிடுவேன். குரல் மட்டுமில்ல, நடையும் சேர்த்து.

எவனோ நடக்கறான்

கடைசி வீட்டு அந்தோணி ஒரு நாள் போன் பண்ணாரு. பார்ட்ஸ் கம்பெனில மிஷின் ஆப்பரேட்டர். எப்பவும் நைட் ஷிப்ட், பகல்ல தூங்கற ஆளு. கிசுகிசுன்னு பேசினாரு. "சார், மேல எவனோ நடக்கறான் சார். ஷூ போட்டுகினு நடக்கறான். நடந்து வந்து என் கட்டிலுக்கு நேரா நின்னுக்கறான். அங்கயே ஈரமும் கட்டுது சார்."

சாப்பாட்டு நேரத்துல அதை அப்படியே அவுத்து விட்டேன். அந்தக் கிசுகிசு, நடுவுல எச்சில் முழுங்கறது, எல்லாமே. அக்கவுன்ட்ஸ் பொண்ணுங்களுக்குப் புரையேறிடுச்சி. எங்க மேனேஜர் வரதன் மூக்கால பேசுவாரு. சாம்பார் கரண்டியைத் தூக்கிப் புடிச்சிகினு சொன்னாரு: "கேட்ல என்ட்ரி போட்டானான்னு கேளுய்யா!"

அதுலேர்ந்து நான் அந்தோணின்னு ஆரம்பிச்சாலே போதும், வரதன் இதைச் சொல்லித்தான் முடிப்பாரு. எங்களுக்குள்ள அது ஒரு டூயட்டாவே ஆயிடுச்சி. ஆனா கம்ப்ளெயின்ட்டைப் பதிய மட்டும் விடலை. "பேய்க்கெல்லாம் டிக்கெட் போட்டா முதலாளி நம்மளைத்தான் முதல்ல விரட்டுவாரு!"

கூடவே வர்ற கறை

மனசு கேக்கலை, போய்ப் பார்த்தேன். வெயில் கொளுத்துது, மழை பேஞ்சி மாசக்கணக்காச்சி. கட்டிலுக்கு நேர் மேல, ஆள் படுத்த நீளத்துக்கு ஈரம். அந்தோணி வீட்டம்மா ஜெசிந்தா சீலிங்கைக் காட்டினாங்க. கட்டிலை மூணு தரம் மாத்திப் போட்டாங்களாம். பழைய இடமெல்லாம் காஞ்சி வெள்ளையா கீது, புது இடத்துல நனையுது. மாடிக்கு ஏற வெளியில ஒரு இரும்பு ஏணிதான், அதையும் சங்கிலி போட்டுப் பூட்டி வெச்சிருக்காங்க.

நாங்க மூணு பேரும் கீழ நிக்கறோம். மேல சத்தம் கேட்டுது. டக்... டக்... ஒரு இழுப்பு. டக்... டக்... ஒரு இழுப்பு. அப்ப அந்தோணி எனக்குத் தண்ணி எடுக்கக் கிச்சனுக்குப் போனாரு. இடது கால் லேசா இழுக்கும் அவருக்கு. டக், டக், ஒரு இழுப்பு. மிமிக்ரிகாரன் காது, ஏமாறாது. மேல நடந்ததும் அதே நடை. தண்ணியை வாங்கி வாயெல்லாம் ஊத்திகினேன்.

வரதன்கிட்ட மட்டும் கறை கட்டில் கூடவே நகருதுன்னு சொன்னேன். பைல்லேர்ந்து கண்ணை எடுக்காம பதில் சொன்னாரு: "வாரண்டி கூரைக்குத்தான்யா, கட்டிலுக்கு இல்ல."

பையில வந்த சீலிங்

அப்புறம் சில மாசத்துல ஷிப்ட் முடிஞ்சி வரும்போது, ஒரகடம் ஜங்ஷன்ல கன்டெய்னர் லாரி. அந்தோணி அங்கயே முடிஞ்சிட்டாரு. வாரண்டியும் அந்த வருஷமே முடிஞ்சிது.

ஒரு நாள் ஜெசிந்தா ஆபீஸ் வந்தாங்க. சாப்பாட்டுப் பைலேர்ந்து ஒரு காங்கிரீட் சில்லை எடுத்து என் டேபிள்ல வெச்சாங்க. ஒரு பக்கம் பூரா துரு. முந்தின நாள் மத்தியானம் சீலிங் பேந்து கட்டில் மேல விழுந்திருக்கு. கம்பி வெளிய தெரியுதாம். பொண்ணு ஸ்கூல்ல இருந்துது, இவங்க மாவரைக்கப் போயிருந்தாங்க. மிச்சம் எப்ப விழும்னு தெரியாம ரெண்டு பேரும் பக்கத்து வீட்டு வராண்டாவுல படுக்கறாங்க. அழலை. அந்தச் சில்லையே பார்த்துகினு சொன்னாங்க: "அவர் இருந்திருந்தா அப்போ அதுலதான் தூங்கினு இருந்திருப்பாரு சார்."

டூயட்

முதலாளி ரூம்ல பேச்சு, ஜெசிந்தாவும் எதிர்ல உக்காந்திருக்காங்க. முதலாளி கேட்டது ஒண்ணே ஒண்ணுதான்: வாரண்டி இருக்கும்போது இவங்க வூட்டுக்காரர் சொன்னாரா, இல்லியா? "ஒரு தடவை கூடக் கூப்பிட்டதே இல்ல சார்"னு வரதன் சத்தியம் பண்ணாத குறையா சொல்றாரு. கம்ப்யூட்டர்லயும் ஒண்ணும் இல்ல. அவரே பதிய விடலை, எப்படி இருக்கும்? எங்க போன்ல ரெக்கார்டிங்கும் கிடையாது.

அவரைப் பொய்யருன்னு சொன்னா என் வேலை போயிடும். தண்ணி டம்ளரைக் கீழ வெச்சேன், ஒரு மூச்சு விட்டேன், ஆரம்பிச்சேன். "சார்... மேல எவனோ நடக்கறான் சார்... ஷூ போட்டுகினு..."

வரதன் கண்ணு பைல்ல, வாய் பழக்கத்துல: "கேட்ல என்ட்ரி போட்டானான்னு கேளுய்யா!"

சொல்லிட்டு அவரே சிரிச்சாரு. கூட யாரும் சிரிக்கலை. முதலாளி பேனாவை மூடிட்டாரு. ஜெசிந்தா புருஷன் குரல் வந்த என் வாயைப் பார்த்தாங்க, அப்புறம் வரதன் பக்கம் திரும்பினாங்க. "கூப்பிட்டதே இல்லன்னீங்களே சார், அப்ப யாருக்கு இந்தப் பதில்?"

ஒரே ஒரு ரிக்வெஸ்ட்

தளம் பூரா கம்பெனி செலவுல. மாடியில பதிச்ச தட்டோட்டைப் பேத்து, பழைய கம்பி எடுத்து, புதுசு போட்டு முடிச்சாங்க. கொத்தனார் இறங்கி வந்து என்னைத் தனியா கூப்பிட்டாரு. "மேல ஒரு பொட்டு ஈரம் இல்லண்ணே. தண்ணி கீழேர்ந்து மேல போயிருக்கு."

வேலைக்குக் கொண்டாந்த ஏணியை வண்டியில ஏத்தி, வீட்டு இரும்பு ஏணியைப் பழையபடி சங்கிலி போட்டுப் பூட்டிட்டாங்க. வேலை முடிஞ்சதுக்குக் கையெழுத்து வாங்க நான் மட்டும் உள்ள போனேன். நைட் ஷிப்ட் ஆளுங்க வீடு திரும்பற நேரம். மேல டக்... டக்... ஒரு இழுப்பு. நடந்து வந்து கட்டிலுக்கு நேரா நின்னுது. நான் மிமிக்ரி பண்ணத் துணியாத ஒரே நடை அதான். நான் பேனாவை நீட்டினேன். ஜெசிந்தா நிதானமா அதை வாங்கிக் கையெழுத்துப் போட்டாங்க. "எல்லாம் நல்லா பண்ணிட்டீங்க சார், இதை மட்டும் சரிபண்ணிடாதீங்க."

ஆக, கூரைக்கு மேல இருக்கறதுக்கெல்லாம் கம்பெனி பொறுப்பில்லன்னு அக்ரிமென்ட்ல எழுதின வக்கீல், கொஞ்சம் விஷயம் தெரிஞ்ச ஆளாத்தான் இருக்கணும்.