ஆடியில் வாங்காத வீடு

ஜெர்மன் நகரமான பீலெஃபெல்டில் நான் ஒரு வீட்டுக்காக வழக்காடியிருக்கிறேன். வீடென்றால் மூன்றாம் மாடியில் இரண்டு அறை, அவ்வளவுதான். விற்றவர் அகதி முகாமில் என்னோடு ஒரே அறையில் மூன்று வருடம் இருந்தவர். நான் அவரை அண்ணை என்பேன். ஊரில் வேறு தமிழர் இல்லாமலில்லை. என் குணத்தைப் பொறுத்துக்கொண்டவர் அவர் ஒருவர்தான். ஞாயிறு தோறும் அவர் வீட்டில்தான் எனக்குச் சோறு.

பத்திரம் பதியும் நொத்தாரிசு முன்னால் ஒப்பந்தம் எழுதினோம். ஜூலை முடிவதற்குள் பணத்தைக் கட்டிச் சாவி வாங்கவேண்டும். வங்கிக் கடன் கைக்கு வந்தபோது ஆடி பிறந்துவிட்டது. ஆடியில் எவன் வீடு வாங்குவான்?

"அவசரமில்லைத் தம்பி. ஆடி போகட்டும், ஆவணியில எடும்" என்றார் அண்ணை.

நானும் தலையாட்டினேன். அதை எழுதி வைக்கவேண்டும் என்று இருவருக்குமே தோன்றவில்லை. ஆடிக் காற்றில் அம்மியே பறக்குமாம், வாய்ச்சொல் எம்மாத்திரம். இடையில் யாரோ கூடுதல் விலை சொல்லிவிட்டார்கள். தவணை தப்பியதால் ஒப்பந்தம் முறிந்தது என்று அண்ணையின் வழக்கறிஞரிடமிருந்து கடிதம் வந்தது.

நேரே போய்க் கேட்டிருக்கலாம். எனக்கு மூக்கு நுனியில் கோபம், வழக்குப் போட்டேன். தாளில் உள்ளதுதான் செல்லும் என்று முதல் நீதிமன்றம் என்னைத் தோற்கடித்தது. மேல்முறையீடு செய்தேன். அந்த இரண்டு வருடமும் ஞாயிற்றுக்கிழமைகளில் பாணும் முட்டையும் தின்றேன். தனிமை என்னைத் தின்றது என்று அப்போது யாராவது சொல்லியிருந்தால் அவர்களோடும் சண்டை பிடித்திருப்பேன்.

மேல் நீதிமன்றம் ஹம் நகரத்தில். ஆடி முடியட்டும் என்று நீங்கள் சொன்னீர்களா என்று நீதிபதி மொழிபெயர்ப்பாளர் மூலம் அண்ணையிடமே கேட்டார். இல்லை என்று ஒரு சொல் சொன்னால் நான் தொலைந்தேன். வேறு சாட்சி கிடையாது.

"ஓம். நான்தான் சொன்னனான்."

அவருடைய வழக்கறிஞர் பேனையை மேசையில் வைத்துவிட்டார். இணங்கிப் போங்கள் என்றார் நீதிபதி. நான் விலையைச் சற்றுக் கூட்டிக் கொடுப்பது, அவர் வீட்டைத் தருவது, வழக்குச் செலவு அவரவருக்கு. அரை மணி நேரத்தில் கையெழுத்திட்டோம்.

வெளியே வந்ததும் அண்ணை என்னிடம் வந்தார்.

"மனுவில என்னைக் கள்ளன் எண்டு எழுதினது லோயரோ, நீரோ?"

லோயர் என்றால் நம்பியிருப்பார். ஆனால் சற்று முன்னர்தான் அவர் எனக்காக உண்மை சொல்லியிருந்தார். எனக்குப் பொய் வரவில்லை.

"அவர் வேண்டாமெண்டவர். நான்தான் அண்ணை எழுதச் சொன்னனான்."

"சரி" என்றார். பிறகு, "குசினியில அடுப்புப் பக்கத்து ஜன்னல் இறுகும். கொஞ்சம் உயர்த்தித் திறவும்" என்றார்.

திரும்பிப் போக இருவருக்கும் ஒரே ரயில். பக்கத்து இருக்கையில் என் மேலங்கியை வைத்து அவருக்கு இடம் பிடித்தேன். அவர் மேடையில் நின்றபடி என்னையும் மேலங்கியையும் பார்த்தார். பார்த்துவிட்டு அடுத்த பெட்டியில் ஏறினார். எனக்கு வீடு கிடைத்துவிட்டது. அதை ஓடிப்போய்ச் சொல்ல எனக்கிருந்த ஒரே ஆள் அடுத்த பெட்டியில் இருந்தார்.