காதம்மாவும் சோபாத் தலையணையும்

காதம்மா கொட்டாவி விட்டுக்கொண்டிருக்கிறார். தூக்கக் கலக்கம் என்று நினைத்துவிடாதீர்கள். சம்பளம் வாங்கிக்கொண்டு விடுகிற கொட்டாவி அது. வாயை ஆவென்று திறந்து, தாடையை வலப்பக்கம் ஓர் இழுப்பு, இடப்பக்கம் ஓர் இழுப்பு. காதில் மாட்டியிருக்கும் இயர்போன் கொஞ்சம் நழுவினாலும் போச்சு. கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருக்கும் வயர்காரருக்கும் கொட்டாவி தொற்றிக்கொள்கிறது. பாவம், வந்த கொட்டாவியைப் பல்லைக் கடித்து விழுங்குகிறார். அந்தக் காதில் இருப்பது அவர் வடிவமைத்த வயர் வைத்த இயர்போன்.

இயர்போன் செய்யும் கம்பெனியில் இரண்டாவது மாடி இவர்களுடையது. புதிதாக எது செய்தாலும் முதலில் காதம்மாவின் காதுக்குள் போய்வர வேண்டும். ஐம்பதைத் தாண்டியவர், குட்டைக் கொண்டை, தடிமனான மூக்குக்கண்ணாடி. நேரில் எல்லோருக்கும் மேடம், முதுகுக்குப் பின்னால் காதம்மா. அது அவருக்கும் தெரியும், தெரியாத மாதிரி இருந்துகொள்வார். இரண்டு காதும் ஒரே அளவில்லை என்பதுதான் அவருடைய தனிச் சொத்து. “வலது காது என்னை மாதிரி, எதைக் கொடுத்தாலும் வச்சுக்கும். இடது காது எங்க மாமியார் மாதிரி. எதைக் கொண்டுபோய்க் கொடுத்தாலும் ஒரு குறை.” இதை அவர் மாமியாரை வைத்துக்கொண்டே சொல்லியிருக்கிறார். அந்த அம்மாள் சிரித்துவிட்டு, சொன்ன விதத்தில் ஒரு குறை கண்டுபிடித்தாராம்.

ஒலியைச் சோதிக்க மற்ற கம்பெனிகளில் நல்ல நல்ல பாட்டாக வைத்திருப்பார்கள். இவரிடம் இருப்பது இவருடைய மூன்று அக்காக்கள் சண்டை போட்ட ஒலிப்பதிவு. குடும்பத்தோடு வெளியூர் போன இடத்தில் புது ஃபிளாஸ்க் உடைந்துபோனது. உடைத்தது யார் என்று மூன்று பேரும் ஒரே மூச்சில் பேசுகிறார்கள். ஒருவர் முடித்து ஒருவர் பேசுகிற வழக்கமே அந்தக் குடும்பத்தில் கிடையாது. பெரியக்காவுக்குக் கட்டைக் குரல், நடு அக்காவுக்கு மிதமான குரல், சின்னக்காவுக்கு ஊசிக் குரல். நல்ல இயர்போன் என்றால் கண்ணை மூடிக்கொண்டு யார் எங்கே உட்கார்ந்திருக்கிறார்கள் என்று கை காட்ட முடிய வேண்டும். இதனால் அந்த மாடியின் பேச்சே மாறிப்போனது. “பெரியக்கா ரொம்ப ஏறிட்டாங்க” என்றால் அடித்தொனி அதிகம். சின்னக்கா குத்துகிறார் என்றால் மேல்தொனி காதைக் கூசவைக்கிறது. போன மாதம் வந்த ஒரு மாதிரி இயர்போனில் நடு அக்கா ஆளையே காணோம். மாடியில் ஃபிளாஸ்க்கை உடைத்தது யார் என்பதில் இரண்டு கட்சிகள் உண்டு, சாப்பாட்டு நேரத்தில் விவாதம் அனல் பறக்கும்.

ஒலியில் தேறினால் அடுத்து சுகம். அதைப் பாட்டோ பேச்சோ இல்லாமல்தான் பார்ப்பார். வயரின் பின்னைப் பாட்டுப் பிளேயரில் சொருகியிருப்பார், ஆனால் எதுவும் ஓடாது. “பாட்டு ஓடினா காது மயங்கிடும் தம்பி. வலிச்சாலும் சொல்லாது.” அப்படியே சும்மா மாட்டிக்கொண்டு கொட்டாவி விடுவார், மொறுமொறுவென்று ரொட்டி கடிப்பார், மேசையில் கன்னத்தைச் சாய்த்துப் படுப்பார். கணக்கரைக் கூப்பிட்டு ஒரு ஜோக் சொல்லச் சொல்வார். கணக்கரின் ஜோக்குக்குச் சிரிப்பு வராது, அவர் அதைச் சொல்லப் படுகிற பாட்டைப் பார்த்துத்தான் வரும். எதற்குச் சிரித்தால் என்ன, தாடை ஆடினால் சரி. பிறகு பேசாமல் உட்கார்ந்து இயர்போனின் ரப்பர் முனைகளை அளவு பார்த்துப் பிரித்துப் போட்டுக்கொண்டிருப்பார். கடைசியில் டீ குடிக்க எழுந்திருக்கும்போது, இரண்டு விரலால் இயர்போனை நாசூக்காகக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டுப் போவார்.

வயர்காரர் பயப்படுவது அந்த நாசூக்குக்குத்தான். கழற்றுகிறார் என்றால் காதில் இருப்பது நினைவில் இருக்கிறது. நினைவில் இருக்கிறது என்றால் எங்கேயோ உறுத்துகிறது. மறந்துபோய் அப்படியே எழுந்தால் வயர் இழுக்கும், பிளேயர் மேசையிலிருந்து தொபுக்கென்று விழும். அப்படி விழவைத்த இயர்போன்கள் எல்லாம் சந்தையில் சக்கைப்போடு போட்டிருக்கின்றன. காதம்மா வாயால் சொல்லும் தீர்ப்பை முதலாளி கேட்பார். மாடியில் மற்றவர்கள் காத்திருப்பது அந்தத் தொபுக்குக்குத்தான்.

விழுந்தால் பிளேயர் உடையக்கூடாதே என்று வயர்காரர் தன் வீட்டுச் சோபாவிலிருந்து ஒரு தலையணையைக் கொண்டுவந்து காதம்மாவின் நாற்காலிக்குப் பக்கத்தில் போட்டிருக்கிறார். தரை சில்லென்று இருக்கிறது, கால் வைத்துக்கொள்ளுங்கள் மேடம் என்று ஒரு புளுகு. காதம்மாவும் நம்பியது மாதிரிதான் இருந்தது. ஏதாவது விழுந்த பிறகுதான் தலையணை வீடு திரும்பும் என்று மனைவியிடம் சபதம் வேறு. அதற்குப் பிறகு அவர் வடிவமைத்த எதற்கும் பிளேயர் விழவில்லை. வீட்டுக்கு வருகிற விருந்தாளிகள் சோபாவின் பள்ளத்தில் உட்கார்ந்தால் முழங்கால் முகவாயில் இடிக்கிறது. மனைவி தினமும் சாயங்காலம் போன் செய்து மாடிக்கே கேட்கிற குரலில் ஒரே கேள்வி கேட்பார்: “விழுந்துச்சா?”

இன்று விழுந்தே ஆக வேண்டும். இனிமேல் யாருக்கு வயர் வேண்டும், இதுவும் தேறாவிட்டால் வயர்ப் பிரிவையே மூடிவிடலாம் என்று முதலாளி சொல்லிவிட்டார். வயர்காரரை, வயரில்லாத இயர்போனுக்குச் சார்ஜர் டப்பா செய்யும் பக்கம் அனுப்பிவிடுவார்கள். சார்ஜர் டப்பாவை நினைத்தாலே அவருக்கு அழுகை வருகிறது.

காலையில் ஒலிச் சோதனை பிரமாதமாகத் தொடங்கியது. அக்காக்களின் சண்டை பாதி ஓடும்போது காதம்மா சட்டென்று நிமிர்ந்தார். இத்தனை வருஷமாகக் கேட்காத ஒன்று கேட்டிருக்கிறது: மற்ற இருவரும் கத்துகிற சத்தத்துக்கு அடியில் நடு அக்கா வாயைப் பொத்திக்கொண்டு களுக்கென்று சிரிக்கிறார். அங்கேயே போனை எடுத்து நடு அக்காவைக் கூப்பிட்டு, “ஃபிளாஸ்க்கை உடைச்சது நீதானே?” என்றார். அந்தப் பக்கத்துச் சிரிப்பு அடுத்த மேசை வரை கேட்டது. ஒரு கட்சி கைதட்டியது, இன்னொரு கட்சி டீ வாங்கித் தர ஒப்புக்கொண்டது. வயர்காரர் மட்டும் சிரிக்கவில்லை. மாமியார்க் காது பாக்கி இருந்தது.

கொட்டாவி முடிந்தது. ரொட்டி முடிந்தது. கணக்கர் தன் பங்குக்கு ஒரு ஜோக்கைக் கொலை செய்துவிட்டுப் போனார். காதம்மா ரப்பர் முனைகளைப் பிரித்துப் போட்டார், ஏதோ முணுமுணுத்தார், மணியைப் பார்த்தார், எழுந்தார். கை காதுப்பக்கம் போனது. வயர்காரர் கண்ணை மூடிக்கொண்டார். போன கை கொண்டையைச் சரி செய்துவிட்டு இறங்கியதை அவர் பார்க்கவில்லை.

தொபுக்.

கண்ணைத் திறந்தபோது பிளேயர் தலையணையில் மல்லாந்து கிடந்தது. வயரின் பின் அதிலிருந்து உருவி வந்திருந்தது. காதம்மா வயரை முன்னால் தொங்கவிட்டபடி டீ இருக்கும் மூலைக்கு நடந்துகொண்டிருந்தார். கணக்கர் குனிந்து இல்லாத செருப்பு வாரைக் கட்டினார்.

கோப்பையோடு திரும்பி வந்தவர் மேசையைப் பார்த்தார்.

“எங்க தம்பி இயர்போன்? நான் இன்னும் முடிக்கவே இல்ல. அதுக்குள்ள யாரு எடுத்துட்டுப் போனது?”

காது அடைத்திருந்ததால் அவர் போட்ட சத்தம் கீழ்மாடி வரைக்கும் கேட்டிருக்கும். காதம்மா மேசைக்கடியில் தேடக் குனிந்தார். வயரின் நுனி டீக்குள் முங்கியது.

டீக்குள் என்ன என்று பார்த்தார். வயரைப் பிடித்தார். கை மெல்ல மேலே ஏறியது: கோப்பையிலிருந்து நெஞ்சுக்கு, நெஞ்சிலிருந்து கழுத்துக்கு, கழுத்திலிருந்து இடது காதுக்கு. அங்கே கொஞ்ச நேரம் நின்றது.

கழற்றவில்லை. கோப்பையை மேசையில் வைத்தார். பிளேயரை எடுத்து ஓரமாக வைத்துவிட்டு, தரையில் கிடந்த தலையணையைத் தூக்கினார், இரண்டு பக்கமும் பட் பட்டென்று தட்டித் தூசி போக்கினார், கண்ணாடித் தடுப்பைச் சுற்றி வந்து வயர்காரரின் மடியில் வைத்தார்.